அறுபதுக்குப் பிறகு பொழுது: செட்டிநாட்டில் என்னிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வங்கி வேலையிலிருந்து ஓய்வு பெற்றுக் காரைக்குடிக்குத் திரும்பி ஐந்து வருடமாகிறது. பக்கத்து வீட்டு ஆச்சிக்கு ரயில் டிக்கெட் எடுத்துக் கொடுத்ததில் ஆரம்பித்தது. பிறகு கைப்பேசி, பிறகு உயில், பிறகு முழங்கால் வலி என்று விஷயம் வளர்ந்துவிட்டது. ஒரே கேள்விக்கு ஒரே வாரத்தில் மூன்றாம் முறை பதில் சொன்ன அன்று ஒரு நோட்டை எடுத்தேன். அதிலிருந்துதான் இவை. நான் மருத்துவனும் அல்ல, வக்கீலும் அல்ல. அவர்களைப் பார்க்க வேண்டிய இடத்தில் அப்படியே சொல்லியிருக்கிறேன்.

எங்கள் அப்பச்சி (அப்பா) காலத்தில் பொழுதுபோக்கு என்று தனியாக ஒன்று இருந்ததா? இப்போது மட்டும் ஏன் இவ்வளவு பேச்சு?

தனியாக இல்லை, ஏனென்றால் தேவைப்படவில்லை. ஒரு வளவுக்குள், அதாவது முற்றத்தைச் சுற்றிய ஒரே வீட்டுக்குள், நான்கைந்து புள்ளிகள் (கல்யாணமான தம்பதிகளின் குடும்பங்கள்) குடியிருந்த காலம் அது. திண்ணையில் உட்கார்ந்தால் யாராவது வருவார்கள். பட்டாலை என்னும் கூடத்தில் தாயம் உருளும், பின்கட்டில் ஆச்சிமார் கொட்டான் (ஓலைக் கூடை) முடைந்துகொண்டே ஊர்க்கதை பேசுவார்கள். வீட்டில் மூத்தவர் என்றால் கல்யாணத்துக்கும் கோயில் காரியத்துக்கும் அவரைக் கேட்காமல் எதுவும் நடக்காது. பொழுது தானாகப் போயிற்று.

பர்மா, மலேயா, இலங்கை என்று கொண்டுவிக்க, அதாவது வியாபாரத்துக்கும் வட்டித் தொழிலுக்கும், போன ஆண்களும் கடைசியில் திரும்பி வந்து சேர்ந்தது இந்த வீட்டுக்குத்தான். 1942இல் ஜப்பான் படை பர்மாவுக்குள் நுழைந்தபோது நடந்தே வந்து சேர்ந்தவர்களும் உண்டு. இன்று பிள்ளைகள் சென்னையிலும் சிங்கப்பூரிலும் அமெரிக்காவிலும் இருக்கிறார்கள், திரும்பி வருவது பொங்கலுக்கும் கல்யாணத்துக்கும் மட்டும். அத்தனை அறைகளுக்கு இரண்டே பேர். சில வீடுகளில் ஒருவர். ஆள் இருந்தபோது தானாக நடந்ததை இப்போது நாமே ஏற்பாடு செய்துகொள்ள வேண்டியிருக்கிறது. அதனால்தான் பேச்சு.

எதற்கு வெளியே நடக்க வேண்டும்? முகப்பிலிருந்து மூன்றாம் கட்டு வரை பத்து முறை போய் வந்தால் போதாதா?

இந்தத் தெருவில் பிறந்து அடுத்த தெருவில் முடிகிற வீடுகள் நம்முடையவை, கணக்கு இடிக்கவில்லை. ஆனால் பத்து முறை போக வேண்டியவர் மூன்றாம் முறையில் அடுப்பைப் பார்க்கப் போய்விடுகிறார். உலக சுகாதார நிறுவனம் சொல்லும் அளவு வாரத்துக்குக் குறைந்தது 150 நிமிடம், மிதமான வேகத்தில். பேச முடிய வேண்டும், பாட முடியக் கூடாது. அதுதான் மிதமான வேகம். 65 வயதைத் தாண்டியவர்கள் வாரத்தில் மூன்று நாளாவது தசைக்கும் சமநிலைக்குமான பயிற்சியும் செய்ய வேண்டும் என்று அதே நிறுவனம் சொல்கிறது. நாற்காலியிலிருந்து கையூன்றாமல் பத்து முறை எழுந்து உட்காருவது, சுவரோரம் நின்று ஒற்றைக் காலில் சில நொடி நிற்பது போன்றவை.

இன்னொன்று, ஆத்தங்குடிக் கல் பதித்த தரை ஈரம் பட்டால் வழுக்கும். வீட்டுக்குள் நடந்தே தீருவேன் என்பவர்கள், தரை துடைத்துக் காயும் வரையாவது பொறுங்கள். நான் ஊருணிக்கரைக்குத்தான் போகச் சொல்வேன். நடையில் பாதிப் பலன் கால்களுக்கு, மீதி அங்கே எதிரில் வருகிறவர்களிடம் நின்று பேசுவதில் இருக்கிறது.

எனக்கு முழங்கால் தேய்மானம். நடந்தால் இன்னும் தேயும் என்கிறார்களே?

சொல்கிறவர்கள் பெரும்பாலும் நம்மைப் போன்றவர்கள், மருத்துவர்கள் அல்ல. மூட்டுத் தேய்மானத்துக்கு உடற்பயிற்சியே முதல் சிகிச்சைகளில் ஒன்று. தொடைத் தசை வலுத்தால் மூட்டின் மேல் விழும் பாரம் குறையும். வீக்கம், சூடு, இரவில் தூங்கவிடாத வலி இருந்தால் மட்டும் எலும்பு மருத்துவரைப் பார்த்துவிட்டுத் தொடங்குங்கள். நம் வீட்டு உயரமான வாசற்படிகளில் ஒரு கைப்பிடி வைத்தால் போதும், பாதிப் பிரச்சினை தீரும். வீட்டின் அழகு கெடும் என்பவர்களிடம் நான் வாதாடுவதில்லை.

பழனிக்குப் பாதயாத்திரை போக வேண்டும் என்று வெகுநாள் ஆசை. எனக்கு 65. போகலாமா?

போகலாம், ஆனால் ஆசை வந்த தைப்பூசத்திலேயே கிளம்ப வேண்டாம். நகரத்தார், அதாவது நாட்டுக்கோட்டைச் செட்டியார்கள், காவடியோடு நடப்பது பல நூற்றாண்டு வழக்கம். குன்றக்குடியிலிருந்து நத்தம், திண்டுக்கல் வழியாகச் சுமார் 150 கிலோமீட்டர். எழுபது வயதைத் தாண்டிய நடையாளிகளை வழியெல்லாம் பார்க்கலாம். அவர்களில் பலர் இருபது, முப்பது வருடமாக நடப்பவர்கள் என்பதைப் புதிதாகக் கிளம்புகிறவர்கள் மறந்துவிடுகிறார்கள்.

நானும் மறந்தேன். ஓய்வு பெற்ற முதல் வருடம், புது ரப்பர் செருப்பு, ஒரு நாள்கூடப் பயிற்சி இல்லை. நத்தம் தாண்டுவதற்குள் இரண்டு பாதங்களும் கொப்புளம். மீதி வழியைப் பஸ்ஸில் போய்ச் சேர்ந்தேன். முருகன் ஒன்றும் சொல்லவில்லை, பங்காளிகள்தாம் இன்றுவரை சொல்கிறார்கள். அதனால் ஐப்பசியிலேயே தொடங்குங்கள். முதலில் காரைக்குடியிலிருந்து குன்றக்குடி, பிறகு பிள்ளையார்பட்டி வரை, பிறகு அடுத்தடுத்து இரண்டு நாள். செருப்போ ஷூவோ, நன்றாகப் பழகியதாக இருக்கட்டும். சர்க்கரைக்கு மாத்திரையோ இன்சுலினோ எடுப்பவர்கள் மருத்துவரிடம் முன்பே கேட்டு அளவை மாற்றிக்கொள்ள வேண்டும். நாள் முழுக்க நடக்கும்போது சர்க்கரை திடீரென்று இறங்கும். தினமும் இரவில் பாதத்தைத் திருப்பிப் பாருங்கள். மரத்துப்போன காலில் புண் இருப்பதே தெரியாது.

பணியாரம், சீயம், கந்தரப்பம் எல்லாவற்றையும் விடு என்கிறான் பையன். இதையெல்லாம் தின்று வளர்ந்தவர்கள்தானே நம் அய்யாக்கள் (தாத்தாக்கள்)?

தின்றார்கள், ஆனால் தினமும் அல்ல. பலகாரம் என்பது கல்யாணத்துக்கும் நோன்புக்கும் உரியது. மாவு இடித்து, பாகு வைத்து, ஐந்தாறு பேர் சேர்ந்து செய்ய வேண்டியது. அந்த உழைப்பே ஒரு கட்டுப்பாடு. இப்போது சீப்புச் சீடையும் மாவுருண்டையும் தேன்குழலும் பாக்கெட்டில் வருடம் முழுக்கக் கிடைக்கின்றன, தொலைக்காட்சிக்கு முன்னால் கை தானாகப் போகிறது. விட வேண்டாம்; பழையபடி நாள் பார்த்துச் சாப்பிடுங்கள்.

கவுனி அரிசி பற்றித் தனியாகக் கேட்பவர்களுக்கு: ஆம், தீட்டாத கறுப்பரிசி, நார்ச்சத்து உண்டு. அதில் கால் கிலோ சர்க்கரையும் கரண்டி கரண்டியாக நெய்யும் தேங்காய்த்துருவலும் போட்ட பிறகு அது மருந்து என்று என்னிடம் சொல்லாதீர்கள்.

வீட்டுக்காரர் காலையில் எழுந்ததிலிருந்து கைப்பேசியும் கையுமாக இருக்கிறார். எப்படி நிறுத்துவது?

இந்தக் கேள்வியை எட்டு ஆச்சிமார் கேட்டிருக்கிறார்கள். அதில் மூன்று பேர் என்னிடம் கைப்பேசியிலேயே கேட்டார்கள்.

நிறுத்த முடியாது, நிறுத்தவும் வேண்டாம். முன்பு திண்ணை செய்த வேலையைத்தான் அது இப்போது செய்கிறது. குலதெய்வக் கோயில் குழு, பங்காளிகள் குழு, பேரன் பேத்தி படம் எல்லாம் அதற்குள் இருக்கிறது. ஆனால் திண்ணையில் இருட்டினால் எழுந்து உள்ளே வருவோம், இதில் இருட்டுவதில்லை. அதுதான் தொல்லை. எங்கள் வீட்டில் செய்தது இது: இரவு ஒன்பதுக்கு மேல் கைப்பேசிக்கு இடம் முகப்பு அலமாரி, படுக்கைப் பக்கம் வரக் கூடாது. பிள்ளைகளோடு பேச நேரம் குறித்துக்கொண்டோம். சிங்கப்பூர் நமக்கு இரண்டரை மணி முன்னால் இருப்பதால் அங்கே இரவுச் சாப்பாடு முடியும் நேரம் நமக்கு மாலை விளக்கேற்றும் நேரம். அமெரிக்காவுக்கு ஞாயிறு காலை.

எவரோ அனுப்பிய மருத்துவக் குறிப்பை நம்பி மாத்திரையை நிறுத்தியவர் இந்தத் தெருவிலேயே உண்டு. படிப்பது வேறு, நம்பிச் செய்வது வேறு என்று உங்கள் வீட்டுக்காரரிடம் சொல்லுங்கள். சண்டை போட்டுச் சொன்னால் கேட்க மாட்டார்.

போலீஸ் என்று சொல்லி வீடியோவில் பேசிப் பணம் பறிக்கிறார்களாமே? எனக்கு அழைப்பு வந்தால் என்ன செய்வது?

துண்டியுங்கள். பதிலே இவ்வளவுதான், காரணத்தையும் சொல்கிறேன். வீடியோ அழைப்பில் உங்களைக் கைது செய்து அறையிலேயே உட்கார வைக்கும் நடைமுறை இந்தியச் சட்டத்தில் இல்லை. ‘டிஜிட்டல் கைது’ என்பது மோசடிக்காரர்கள் உண்டாக்கிய சொல். எந்தக் காவல் அதிகாரியும், நீதிமன்றமும் சரிபார்ப்பதற்காகப் பணத்தை வேறு கணக்குக்கு மாற்றச் சொல்வதில்லை. ‘யாரிடமும் சொல்லாதே’ என்று எதிர்முனை சொன்ன நொடியில் அது திருட்டு என்று முடிவு செய்துவிடலாம்.

பணம் போய்விட்டால் வெட்கப்பட்டு ஒளிக்காதீர்கள். 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்கு உடனே அழையுங்கள், வங்கிக்கும் சொல்லுங்கள். எவ்வளவு சீக்கிரம் சொல்கிறோமோ அவ்வளவுக்குப் பணத்தை வழியில் முடக்க வாய்ப்பு அதிகம். வங்கியில் இருந்தவன் என்பதால் சொல்கிறேன்: ஏமாந்தவர்களில் கெட்டிக்காரர்களைத்தான் அதிகம் பார்த்தேன். பெரிய வீடு, தனி ஆள், பக்கத்தில் கேட்க யாருமில்லை; அவர்கள் தேடுவது அதைத்தான்.

ரயிலில் மூத்தோர் சலுகை இன்னும் உண்டா? ஆண்களுக்கு 40 சதவீதம் என்று சொல்வார்களே?

இருந்தது. 60 வயதான ஆண்களுக்கு 40 சதவீதம், 58 வயதான பெண்களுக்கு 50 சதவீதம். 2020 மார்ச்சில் நிறுத்தியதை நான் இதை எழுதும் வரை திரும்பத் தரவில்லை. தொடர்வது கீழ்ப்படுக்கை ஒதுக்கீடு: ஆண்களுக்கு 60, பெண்களுக்கு 45 வயது முதல். தனியாகவோ, இருவராகவோ பதிவு செய்தால்தான் அந்த ஒதுக்கீட்டில் கேட்க முடியும். நான்கு பேரை ஒரே டிக்கெட்டில் போட்டுவிட்டு எனக்கு மேல்படுக்கை வந்துவிட்டது என்று கோபிப்பவர்கள் கவனிக்க. சென்னைக்கு என்றால் காரைக்குடியில் அதிகாலையில் கிளம்பும் பல்லவனைத்தான் நான் சொல்வேன், உட்கார்ந்தே போகலாம்.

பக்கத்து ஊர்களுக்கு, சாதாரண நகரப் பேருந்துகளில் 2021 மே முதல் பெண்களுக்குக் கட்டணம் இல்லை. தெரிந்தும் சில ஆச்சிமார் கௌரவம் பார்த்து ஆட்டோவில் போகிறார்கள்.

வீட்டுக்காரர் போய் ஆறு வருடமாகிறது. கோயிலைத் தவிர எங்கேயும் போனதில்லை. சும்மா ஊர் சுற்றிப் பார்க்கப் போனால் நாலு பேர் என்ன சொல்வார்கள்?

சொல்வார்கள், ஒரு வாரம். பிறகு அவர்களில் இருவர் அடுத்த முறை தங்களையும் சேர்த்துக்கொள்ளச் சொல்வார்கள். இதை நான் கண்ணால் பார்த்தேன்.

கேட்ட ஆச்சிக்கு வயது 63. முதலில் கோயிலையே சாக்காக வைத்துக்கொள்ளுங்கள் என்றேன். ராமேஸ்வரம் போய்த் தீர்த்தமாடிவிட்டு, அப்படியே தனுஷ்கோடி வரை போய்க் கடலைப் பார்த்துக்கொண்டு ஒரு மணி நேரம் உட்கார்ந்து வாருங்கள். நால்வராகப் போனார்கள். திரும்பி வந்து சாமி தரிசனத்தை இரண்டு வாக்கியத்தில் முடித்தார், கடலைப் பற்றி அரை மணி நேரம் பேசினார். அடுத்த பயணம் குற்றாலம். அதற்குக் கோயில் சாக்குத் தேவைப்படவில்லை, அங்கேயும் கோயில் இருந்தாலும்கூட.

செலவு யோசிப்பவர்களுக்கு: 60 முதல் 70 வயது வரையுள்ளவர்களை அறுபடை வீடுகளுக்குக் கட்டணமின்றி அழைத்துச் செல்லும் திட்டத்தை இந்து சமய அறநிலையத் துறை 2024இல் தொடங்கியது. அடுத்த பயணம் எப்போது, யாருக்குத் தகுதி என்று துறையின் கோயில் அலுவலகத்தில் கேளுங்கள். தனியார் சுற்றுலாவில் சேருமுன் ஒரு நாளைக்கு எத்தனை ஊர் என்று கேட்டுக்கொள்ளுங்கள். ஆறு நாளில் பதினான்கு ஊர் என்றால் நீங்கள் பார்க்கப் போவது பஸ்ஸின் ஜன்னலை.

போவது சரி. இவ்வளவு பெரிய வீட்டைப் பூட்டிவிட்டு எப்படிப் போவது?

நியாயமான பயம். மரத்தூணுக்கும் கதவு நிலைக்கும் பழைய பீங்கானுக்கும் விலை உண்டு என்பது பழம்பொருள் கடைகள் உள்ள காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவைப் பார்த்த எல்லோருக்கும் தெரியும். வெள்ளியையும் வைரத்தையும் வங்கிப் பெட்டகத்தில் வைத்துவிடுங்கள். சாவி ஒன்று பங்காளியிடம், ஒன்று நம்பிக்கையான வேலையாளிடம். மழைக்காலமென்றால் ஓடு ஒழுகுகிறதா என்று யாராவது வாரம் ஒருமுறை பார்க்க வேண்டும். திருடன் கொண்டுபோனதைவிட மழை கொண்டுபோன வீடுகளே இங்கு அதிகம் என்பது என் எண்ணம்.

வீட்டைத் தங்கும் விடுதிக்குக் கொடுக்கலாமா என்றும் கேட்கிறார்கள். கானாடுகாத்தான் பக்கம் அப்படி நன்றாக நடக்கும் வீடுகள் உண்டு. ஆனால் பங்கு உள்ள ஒவ்வொருவரின் சம்மதமும் எழுத்தில் வேண்டும்.

சொத்தைப் பிள்ளைகள் பேருக்கு எழுதிவிட்டால் பாரம் குறையுமே? பிறகு நிம்மதியாக ஊர் சுற்றலாம் அல்லவா?

அவசரப்படாதீர்கள். தானமாக எழுதிப் பதிந்தால் சொத்து அன்றே கைமாறிவிடும். உயில் அப்படி அல்ல. உயிரோடு இருக்கும் வரை எத்தனை முறை வேண்டுமானாலும் மாற்றலாம். இரண்டு சாட்சி கட்டாயம், பதிவு கட்டாயமில்லை. பெரும்பாலோருக்கு உயிலே போதும்.

தானமாகத்தான் எழுத வேண்டுமென்றால், கடைசி வரை பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையைப் பத்திரத்திலேயே எழுதச் சொல்லுங்கள். பெற்றோர் மற்றும் மூத்த குடிமக்கள் பராமரிப்பு, நலச் சட்டம் 2007இன் 23ஆம் பிரிவுப்படி, அந்த நிபந்தனை மீறப்பட்டால் கோட்டாட்சியர் தலைமையிலான தீர்ப்பாயத்தில் பத்திரத்தை ரத்து செய்யக் கேட்கலாம். என் பிள்ளை அப்படிப்பட்டவன் இல்லை என்பீர்கள். இல்லைதான். நிபந்தனை எழுதுவதால் அவனுக்கு என்ன குறைந்துவிடப் போகிறது? ஊர் சுற்றும் காசுக்கும் பிள்ளையிடம் கை நீட்டும் நிலை வந்தால், முன்பு சொன்ன குற்றாலம் நடக்காது.

மனைவி போய்விட்டாள். எனக்கு வெந்நீர்கூட வைக்கத் தெரியாது. பொழுதுபோக்கு ஒரு கேடா?

இதைக் கேட்ட அண்ணனுக்கு நான் உடனே பதில் சொல்லவில்லை. ஒரு வாரம் கழித்துப் போய் ரசம் வைக்கக் கற்றுக்கொடுத்தேன். எனக்கும் அது மட்டும்தான் அப்போது தெரியும்.

செட்டிநாட்டுச் சமையல் என்று உலகமெல்லாம் பேசுகிறார்கள், அந்த வீடுகளின் ஆண்களில் பலருக்கு உப்பு ஜாடி எங்கே இருக்கிறது என்று தெரியாது. மூன்று வேளையும் மெஸ் சாப்பாடு உடம்புக்கு ஆகாது, சமையலாளும் ஒருநாள் லீவு போடுவார். சோறு, ரசம், துவையல், ஒரு பொரியல். இரண்டு மாதத்தில் வந்துவிடும். மனைவி இருக்கும்போதே கற்றுக்கொண்டால் அவருக்கும் நடைக்குப் போக நேரம் கிடைக்கும். இந்த வரியை ஆச்சிமார் அடிக்கோடிட்டுக்கொள்ளலாம். அந்த அண்ணன் இப்போது வெள்ளிக்கிழமைகளில் நாலு பேருக்குச் சமைக்கிறார். காரம் கொஞ்சம் தூக்கல்.

இந்த வயதில் புதிதாக எதைக் கற்க முடியும்? கூட்டம், கச்சேரி என்று போனாலும் மனம் ஒட்டவில்லை.

இரண்டு கேள்விகள் இவை. கற்பதற்கு இந்த ஊரில் பஞ்சமில்லை. 1939இல் சா. கணேசன் தொடங்கிய கம்பன் திருநாள் இன்றும் பங்குனியில் நடக்கிறது, நிறைவு நாட்டரசன்கோட்டையில். போய்க் கேட்டுவிட்டு வந்து கம்பராமாயணத்தில் தினம் பத்துப் பாட்டு என்று நாங்கள் ஐந்து பேர் உரக்கப் படித்தோம். பாலகாண்டம் முடிய ஐந்து மாதம். கொட்டான் முடையத் தெரிந்த ஆச்சிமார் இன்னும் இருக்கிறார்கள், பேத்திகளைவிட அவர்களிடம் கற்கத் தயாராக இருப்பவர்கள் ஐம்பது வயதுப் பெண்கள்.

மனம் ஒட்டவில்லை என்பவர்கள் முதலில் காதைச் சோதித்துக்கொள்ளுங்கள். கூட்டத்தில் பேச்சுப் புரியாமல்தான் பலர் வருவதையே நிறுத்துகிறார்கள், அதை அலுப்பு என்று நினைத்துக்கொள்கிறார்கள். மூக்குக் கண்ணாடி போடக் கூசாதவர்கள் காதுக் கருவிக்குக் கூசுகிறார்கள். காது சரி, ஆனாலும் இரண்டு வாரத்துக்கு மேலாக எதிலும் நாட்டமில்லை, தூக்கமில்லை, பசியில்லை என்றால் அது வயது அல்ல; மனச்சோர்வு நோயாக இருக்கலாம், அதற்கு மருத்துவம் உண்டு. மனநல உதவிக்கு 14416, முதியோர் உதவிக்கு 14567. இரண்டுக்கும் கட்டணமில்லை.

அறுபதாம் கல்யாணத்தைப் பெரிதாகச் செய்யச் சொல்கிறார்கள். அவ்வளவு செலவு வேண்டுமா?

ஊரைக் கூட்டினால் உறவெல்லாம் ஒருமுறை வந்து போகும், அதில் எனக்கு மறுப்பில்லை. எங்களுடையதைக் கோயிலோடு முடித்துக்கொண்டு, மிச்சத்தில் இருவரும் காசிக்குப் போனோம். மூன்று அத்தைமார் இன்னும் பேசுவதில்லை.

எல்லாம் சரி. இதெல்லாம் காசும் பென்ஷனும் உள்ளவர்களுக்குத்தானே?

பெரும்பாலும் ஆமாம். இதைக் கேட்டவர் ஒரு ஆட்டோ ஓட்டுநர், வயது 58. ஊருணிக்கரையும் குறிப்பிட்ட உதவி எண்களும் பெண்களுக்குக் கட்டணமில்லாப் பேருந்தும் எல்லோருக்கும் பொது. மற்றவை அப்படி அல்ல. ஆதரவற்ற முதியோருக்கான மாத உதவித்தொகை 2023இல் 1,200 ரூபாயாக உயர்ந்தது. தகுதி இருந்தும் விண்ணப்பிக்காதவர்கள் இருக்கிறார்கள். தாலுகா அலுவலகத்துக்கு மனு எழுத உதவி வேண்டுமென்றால் நான் எழுதித் தருகிறேன். அதைத் தாண்டி என்னிடம் நல்ல பதில் இல்லை.

எங்கள் வீட்டில் இருபத்திரண்டு வருடமாக வேலை செய்பவருக்கு 61 வயது. அம்மா காலத்திலிருந்து இருக்கிறார். காலையில் நீங்களும் நடைக்கு வாருங்களேன் என்று ஒருநாள் பெருமையாகக் கூப்பிட்டேன். “நடந்துதானே ஐயா வருகிறேன்? உட்காரத்தான் நேரம் கிடைக்கவில்லை” என்றார். ஞாயிற்றுக்கிழமை சம்பளத்தோடு விடுமுறை என்று அந்த வாரம் சொன்னோம். முதல் ஞாயிறு பழக்கத்தில் வந்துவிட்டார். இரண்டாம் ஞாயிறு வரவில்லை. பாத்திரத்தை நானும் என் மனைவியும் கழுவினோம்.